வெஞ்சனம் தின்ற புலி

திண்டுக்கல்லுக்கு நான் போனது பிரியாணி சாப்பிட அல்ல. இதைச் சொன்னால் நம்புகிறவர்கள் குறைவு. என் அம்மாவே நம்பவில்லை. பினாங்கிலிருந்து தொலைபேசியில், ஆராய்ச்சி செய்ய உனக்கு வேறு ஊரே கிடைக்கவில்லையா என்று கேட்டவர், பதிலுக்குக் காத்திராமல் "எண்ணெய் பார்த்துச் சாப்பிடு" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டார்.

ஆராய்ச்சி இதுதான். சிங்கப்பூரில் ஒரு பல்கலைக்கழகத்தில் மூன்று வருடமாக நான் ஒரு கணினிக்கு ஆடுபுலி ஆட்டம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். சொல்லிக்கொடுத்தேன் என்பதே தப்பு. சொல்லிக்கொடுக்காமல் கற்றுக்கொள்ள வைப்பதுதான் என் துறை. ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் லேர்னிங் என்று பெயர். தமிழில் வலுவூட்டிக் கற்றல் என்று சொல்லிப் பார்த்தேன். டானிக் விளம்பரம் போல இருந்ததால் விட்டுவிட்டேன். ஆட்டத்தின் விதியை மட்டும் ப்ரோக்ராமுக்குக் கொடுப்போம். எது நல்ல நகர்வு என்று சொல்ல மாட்டோம். அது தன்னோடு தானே ஆடும். நல்லது நடந்தால் மதிப்பெண் கூடும், கெட்டது நடந்தால் குறையும். எந்த நகர்வுகளுக்குப் பின்னால் மதிப்பெண் வந்ததோ அவற்றை அடுத்த முறை கொஞ்சம் அதிகமாக நம்பும். இப்படி லட்சக்கணக்கான ஆட்டம் ஆடினால், முதல் நாள் கண்ணை மூடிக்கொண்டு நகர்ந்தது கடைசியில் உங்களையும் என்னையும் தோற்கடிக்கும்.

ஆட்டம் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. மூன்று புலி, பதினைந்து ஆடு. ஆடுகளை ஒவ்வொன்றாகக் கோடுகள் சந்திக்கும் இடங்களில் வைக்க வேண்டும். பக்கத்தில் இருக்கும் ஆட்டைத் தாண்டிப் போக அந்தப்புறம் காலி இடம் இருந்தால் புலி அதை வெட்டலாம். மூன்று புலியும் அசைய முடியாமல் கட்டுப்பட்டால் ஆட்டுக்கு வெற்றி. ஆறு ஆடு போய்விட்டால் புலிக்கு வெற்றி.

என் பேராசிரியை கண்டிப்பானவர். "உன் புலி உன் ஆட்டையே ஜெயிக்கிறது, இதில் என்ன பெருமை?" என்று ஒரு நாள் கேட்டுவிட்டார். நிஜமாக ஆடுகிறவர்களைத் தேடிப் போ, அதில் தேர்ந்தவர் ஒருவரிடம் ஓர் ஆட்டமாவது ஜெயித்துக் காட்டு, இல்லையென்றால் இதை மூடிவைத்துவிட்டு லிஃப்ட் திட்டத்தில் சேர்ந்துகொள் என்றார். நாற்பது மாடிக் கட்டடத்தில் ஆறு லிஃப்டை யார் காத்திருக்கும் மாடிக்கு எப்போது அனுப்புவது என்பதுதான் அந்தத் திட்டம். மூன்று வருட உழைப்பைப் பரணில் போட்டுவிட்டு லிஃப்டுக்குள் நுழைவதை நினைத்தாலே எனக்கு மூச்சு முட்டியது. எங்கள் ஆய்வுக்கூடத்தில் சேவியர் என்று ஒரு திண்டுக்கல்காரன் இருந்தான். எங்க ஊருக்குப் போடா, பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவனெல்லாம் அங்கே ஆடுபுலிதான் ஆடுவான் என்று சொல்லி, தன் வீட்டுக்கே அனுப்பிவைத்தான்.

பேருந்து நிலையத்துக்கு சேவியரின் அப்பா சூசை சார் ஸ்கூட்டரோடு வந்திருந்தார். ஒரு பள்ளியில் தலைமையாசிரியர். என் மடிக்கணினிப் பையை வாங்கித் தன் கால்களுக்கு நடுவில் வைத்துக்கொண்டு, என்னைப் பின்னால் உட்காரச் சொல்லி, பேருந்துகளுக்கு இடையில் புகுந்து புறப்பட்டார். பினாங்கில் ஹாரன் அடித்தால் சண்டைக்கு வருகிறான் என்று பொருள். இங்கே ஹாரன் அடிக்காவிட்டால்தான் சண்டைக்கு வருகிறார்கள். இதைச் சார் காதில் கத்திச் சொன்னபோது, நான் பேசுவது வானொலியில் செய்தி வாசிப்பது போல இருக்கிறது என்றார்.

முதல் நாளே ஒரு விபத்து. சாப்பாட்டு மேசையில் சேவியரின் அம்மா சோற்றைப் போட்டுவிட்டு, "வெஞ்சனம் வைக்கவா தம்பி?" என்று கேட்டார். அப்படி ஒரு சொல்லை நான் கேட்டதே இல்லை. கத்தோலிக்க வீடு, சாப்பாட்டுக்கு முன்னால் ஏதோ வழிபாடாக இருக்கும் என்று நினைத்து, மரியாதையாக "வேண்டாம்மா, உங்களுக்குச் சிரமம்" என்றேன். வெறும் சோறும் ரசமும் வந்தன. அப்புறம்தான் பார்க்கிறேன், சூசை சார் தட்டில் ஆட்டுக்கறி, முட்டைகோஸ் பொரியல், வாழைக்காய் வறுவல். சோற்றுக்குத் தொட்டுக்கொள்வது எல்லாமே வெஞ்சனமாம். வேண்டாம் என்ற வாயை மறுபடி திறக்க வெட்கமாக இருந்தது. சார்தான் என் முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்டு கறிப் பாத்திரத்தை என் பக்கம் தள்ளினார். பிறகு நான் மூன்று முறை வெஞ்சனம் கேட்டு வாங்கினேன்.

இரண்டாம் நாள் பேகம்பூரில் காதர் பாயின் தோல் கிடங்குக்குப் போனோம். பாய், சாரின் பள்ளித் தோழர். உள்ளே நுழைந்ததும் தோல் வாடை மூக்கில் ஏறி உட்கார்ந்துகொண்டது. பத்து நிமிடத்தில் அது பழகியும் போனது. கிடங்குத் தரையில் சாக்பீஸால் கட்டம் வரைந்து, புளியங்கொட்டையை ஆடாகவும் சோடா மூடியைப் புலியாகவும் வைத்தார்கள். அவர்கள் ஆட்டை வைப்பார்கள். நான் அதைக் கணினியில் தட்டுவேன். அது சொல்லும் இடத்துக்குப் புலியை நகர்த்துவேன்.

அன்றைக்கு என் புலிக்கு ராஜயோகம். பாயிடம் ஆறு ஆடு, கணக்குப்பிள்ளையிடம் ஆறு ஆடு, லாரி ஓட்டுநரிடம் நாலே நிமிடத்தில் ஆறு ஆடு. தோற்றவர்களுக்குக் கோபமே இல்லை. வேறு யாரையாவது கூப்பிட்டுத் தோற்கவைப்பதில்தான் அவர்களுக்கு ஆர்வம். பாய் என் தோளில் தட்டி பிரியாணிக்குச் சொல்லி அனுப்பினார். பொடி அரிசி, சின்னச் சின்னக் கறித்துண்டு, மிளகுக் காரம். எங்கள் ஊர் நாசி கண்டார் சோற்றில் குழம்புகள் ஒன்றோடொன்று கலந்து வெள்ளமாக ஓடும். இதிலோ ஒரு பருக்கை இன்னொன்றோடு ஒட்டவில்லை, ஆனால் எல்லாப் பருக்கையும் ஒரே ருசி. இரண்டு பொட்டலம் சாப்பிட்டேன். மூன்றாவதைப் பாய் தானாகவே பிரித்து வைத்தார்.

மூன்றாம் நாள் சிறுமலைக்குப் பேருந்து ஏறினேன். மலையில் நல்ல ஆட்டக்காரர்கள் உண்டு என்று யாரோ சொன்னார்கள். மலைக்குப் போகும் பேருந்துகள் குறைவு. கிடைத்த ஒன்றும் பாதி வளைவுகளில் மூச்சுவாங்கி, ஒரு வளைவில் புகைவிட்டு நின்றுவிட்டது. எல்லோரும் இறங்கினோம். ஓட்டுநர் தண்ணீர் தேடிப் போனார். யாரும் சலித்துக்கொள்ளவில்லை என்பதுதான் எனக்கு ஆச்சரியம். சிங்கப்பூரில் ரயில் நாலு நிமிடம் தாமதமானால் மனு எழுதுவார்கள். இங்கே ஒரு பெரியம்மா கூடையைத் திறந்து எல்லோருக்கும் மலைவாழைப்பழம் கொடுத்தார். குட்டையாக, தோல் சுருங்கி, பார்க்க ஒன்றுமில்லாத பழம். வாயில் போட்டதும் பேச்சு நின்றுவிட்டது.

சாலையோரக் கல்லில் கட்டம் வரைந்து நடத்துநரோடு ஆடினேன். அவரும் தோற்றார். நான் கொஞ்சம் அலட்டிக்கொண்டேன் என்று நினைக்கிறேன். என் புலி இதுவரை தோற்றதே இல்லை என்று சொல்லிவிட்டேன். நடத்துநர் பழத்தோலைத் தூர எறிந்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"இம்புட்டுப் பேசுறீங்கல்ல, பஸ் ஸ்டாண்டுல ஜெயசீலி அக்கா போன் கடை இருக்கு. அங்கன போயி ஒரு ஆட்டம் ஆடிட்டு வந்து பேசுங்க."

மடிக்கணினியின் பேட்டரியும் அதோடு தீர்ந்தது. மலைமேல் போய்ச் சேராமலே, கீழே இறங்கிவந்த ஒரு லாரியில் ஏறி ஊருக்குத் திரும்பினேன்.

நான்காம் நாள் காலையில் அந்தக் கடையைக் கண்டுபிடித்தேன். எஸ்.டி.டி., ஐ.எஸ்.டி., ஜெராக்ஸ் என்று மஞ்சள் பலகை. உள்ளே கண்ணாடிக் கூண்டுக்குள் ஒரு தொலைபேசி, மூலையில் இன்டர்நெட்டுக்கு ஒரு கணினி. மேசைக் கண்ணாடிக்கு அடியில், பட்டம் பெற்ற தம்பியின் புகைப்படத்துக்கும் வேளாங்கண்ணி மாதா படத்துக்கும் நடுவில், ஆடுபுலிக் கட்டம் வரைந்த ஓர் அட்டை. ஜெயசீலி அக்காவுக்கு முப்பத்தைந்து வயது இருக்கலாம். ஓட்டுநர்களும் நடத்துநர்களும் அழைப்புக்குக் காத்திருக்கும் நேரத்தில் அவரோடு ஆடுவார்கள். பத்து வருடமாக இதுதான் நடக்கிறது. அதாவது அவரும் ஆயிரக்கணக்கான ஆட்டம் ஆடியவர், ஒரே வித்தியாசம், எதிரே உட்கார்ந்தது ஒவ்வொரு முறையும் வேறு ஆள்.

நான் வந்த விஷயத்தையும், பரிசு கொடுத்துக் கொடுத்துப் புலியை வளர்த்த கதையையும் சொன்னேன். ஜெராக்ஸுக்குத் தாளை அடுக்கிக்கொண்டே, சரி, வைங்க என்றார்.

முதல் ஆட்டத்தில் என் புலி ஐந்து ஆட்டை வெட்டியது. இன்னும் ஒன்று போதும் என்று நான் நாற்காலி நுனிக்கு வந்தபோது மூன்று புலியும் ஒரு மூலையில் கட்டுண்டு நின்றன. தற்செயல் என்று நினைத்தேன். இரண்டாவதில் நாலு ஆடு வெட்டிக் கட்டுண்டது. மூன்றாவதில் ஐந்து. அக்கா திரையைப் பார்க்கவே இல்லை. நடுநடுவே போய்த் தொலைபேசிக்குப் பில் போட்டுவிட்டு வந்து, நின்றபடியே ஒரு புளியங்கொட்டையை வைப்பார். சில ஆடுகளை வைக்கும்போது மட்டும் மெல்ல, "இது வெஞ்சனம்" என்பார். அது அப்பட்டமாகப் புலியின் வாய்க்கு நேரே இருக்கும். என் புலி உடனே வெட்டும். ஏழு ஆட்டம் ஆடினேன். ஏழும் தோல்வி.

எனக்கு அழுகையே வந்துவிடும் போல இருந்தது. அக்கா கவனித்திருக்க வேண்டும். டீ வரவழைத்தார்.

"ஒங்க புலி ஜெயிக்க வரல தம்பி," என்றார். "வெஞ்சனம் திங்க வந்திருக்கு. நான் அஞ்சு வரைக்கும் வைப்பேன், ஆறாவது வைக்க மாட்டேன். அதுக்கு அது தெரியல. திங்கிறதுக்குத்தேன் பரிசு குடுத்து வளர்த்திருக்கீகளா?"

டீ டம்ளரைக் கீழே வைத்தேன். ஆமாம். அப்படித்தான் வளர்த்திருந்தேன். ஆட்டம் முடியும்வரை மதிப்பெண்ணே இல்லாவிட்டால் கற்பது தாமதமாகும் என்று, ஒவ்வோர் ஆட்டை வெட்டும்போதும் புலிக்கு ஒரு மதிப்பெண் கொடுத்திருந்தேன். ஆட்டுத் தரப்புக்கு ஒவ்வோர் ஆடு போகும்போதும் ஒன்று கழித்தேன். இரண்டும் சீக்கிரமாகக் கற்றன, வரைபடத்தில் கோடு அழகாக மேலே ஏறியது, நானும் மகிழ்ந்துபோனேன். ஆனால் ஒன்று போனாலே தண்டனை என்று கற்ற ஆடு எந்த ஆட்டையும் வேண்டுமென்றே விட்டுக்கொடுக்காது. லட்சக்கணக்கான ஆட்டத்தில் என் புலி ஒரு தடவைகூட வெஞ்சனத்தைப் பார்த்ததில்லை. பார்த்ததும் தின்றது. தோல் கிடங்கில் அந்தப் பசியே போதுமாக இருந்தது.

அதே கூண்டிலிருந்து பேராசிரியைக்குப் பேசினேன். அவர் சிரித்தார், அது எனக்குப் பிடிக்கவில்லை. மதிப்பெண்ணை மாற்றி மறுபடி கற்கவிடு என்றார். பேராசிரியர் குழு ஞாயிறு மாலை கூடுகிறது, அதற்குள் ஆட்டப் பட்டியல் தன் மின்னஞ்சலில் இருக்க வேண்டும், அந்தப் பெண்ணிடம் ஒரு வெற்றிகூட இல்லையென்றால் திங்கட்கிழமை லிஃப்ட் என்றார். அன்று வியாழன்.

மாற்றுவது ஐந்து நிமிட வேலை. ஆட்டை வெட்டினால் ஒன்றுமில்லை, ஆடு போனாலும் ஒன்றுமில்லை. கடைசியில் ஜெயித்தால் ஒன்று, தோற்றால் கழித்தல் ஒன்று. அவ்வளவுதான். எங்கள் துறையில் அல்காரிதத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதுவோம். எதற்குப் பரிசு என்பதை ஒரே வரியில் எழுதிவிட்டுப் போய்விடுவோம். நான் மூன்று வருடமும் தப்பாக வைத்திருந்தது அந்த ஒரு வரியைத்தான்.

மாற்றியதைக் கற்கவைப்பதுதான் பெரும்பாடு. முதலிலிருந்து ஆட வேண்டும். அதற்கு மின்சாரம் வேண்டும். சூசை சார் வீட்டில் ஒரு மணிநேரத்தில் மின்சாரம் போய், இரண்டாயிரம் ஆட்டம் காற்றில் போனது. ஆயிரம் ஆட்டத்துக்கு ஒருமுறை ஃப்ளாப்பியில் சேமிக்கும்படி மாற்றி எழுதிக்கொண்டு, காதர் பாய் கிடங்குக்கு ஓடினேன். அங்கே ஜெனரேட்டர் இருந்தது. தோல் கட்டுகளுக்கு நடுவில் ஒரு முக்காலியில் மடிக்கணினியை வைத்தேன். பாய் அதன்மேல் தூசி விழாமல் ஒரு ஆட்டுத்தோலைப் பந்தல் போல இழுத்துக் கட்டினார். வெள்ளி முழுக்க அது அங்கேயே ஆடியது. பாய் தொழுகைக்குப் போகும்போதும் வரும்போதும் எத்தனையாவது ஆட்டம் என்று கேட்பார்.

மதியம்வரை புலியும் ஆடும் பைத்தியம் பிடித்தது போல ஆடின. வெட்டினால் பரிசில்லை என்றதும் எதைச் செய்வது என்றே இரண்டுக்கும் புரியவில்லை. வரைபடத்தில் கோடு தரையோடு படுத்துக் கிடந்தது. நான் லிஃப்டுகளை நினைத்துக்கொண்டு, பாய் கொடுத்த பரோட்டாவைப் பிய்த்துக்கூடப் போடாமல் உட்கார்ந்திருந்தேன். சாயங்காலம் சும்மா ஓர் ஆட்டத்தைத் திறந்து பார்த்தேன். ஆட்டுத் தரப்பு ஒரு காயைப் புலிக்கு நேரே கொண்டுவந்து வைத்திருந்தது. புலி வெட்டியது. நாலு நகர்வில் கட்டுண்டது. நான் எழுந்து நின்றுவிட்டேன். யாரும் சொல்லிக்கொடுக்காமல் என் ஆடு வெஞ்சனம் வைக்கக் கற்றுக்கொண்டுவிட்டது. அப்படியென்றால் அதோடு ஆடும் புலியும் விரைவில் வேண்டாம் என்று சொல்லக் கற்றுக்கொள்ளும். பாயைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவருக்கு முழுக்கப் புரிந்ததா தெரியவில்லை, ஆனாலும் மாஷா அல்லா என்று சொல்லி, ஆறிப்போன பரோட்டாவை எடுத்துவிட்டுச் சூடாக வேறு கொண்டுவரச் சொன்னார்.

சனிக்கிழமை பிற்பகல் போன் கடை வாசலில் கூட்டம். பாய் வந்திருந்தார், சூசை சார் வந்திருந்தார், சிறுமலை நடத்துநர் தன் பேருந்து புறப்படும் நேரத்தை மறந்து நின்றிருந்தார். பழனிக்குப் போகும் பாதயாத்திரைக்காரர்கள் இரண்டு பேர் தொலைபேசிக்கு வந்தவர்கள், அதை மறந்து வேடிக்கை பார்த்தார்கள். அதில் ஒருவர், "ஏனுங்க, இந்தப் பொட்டிதான் ஆடுதுங்களா?" என்று கேட்டார்.

ஐந்தாவது காயை வைத்து அக்கா வழக்கம்போல, இது வெஞ்சனம் என்றார். திரை எனக்கு வேறு இடத்தைக் காட்டியது. புலியை எடுத்து அங்கே வைத்தேன். பக்கத்திலிருந்த ஆடு முழுசாகக் கிடந்தது. பசி இல்லையா அதுக்கு என்று யாரோ கேட்டார்கள்.  அக்கா கையிலிருந்த ஜெராக்ஸ் தாளைக் கீழே வைத்துவிட்டு, நான் பார்க்க முதன்முறையாக நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

அந்த ஆட்டத்தில் புலி ஜெயித்தது. அடுத்ததிலும் ஜெயித்தது.   போதும், பட்டியலை அனுப்பிவிடலாம் என்று மடிக்கணினியை மூடப் போனேன்.

"செத்த நேரம் இருங்க," என்றார் அக்கா. "எங்கிட்டுப் போறீக?"

இன்னும் மூன்று ஆட்டம் நடந்தது. மூன்றிலும் அவர் ஜெயித்தார். கடைசி ஆட்டம் இருபது நிமிடம்கூட ஆகவில்லை. கூட்டம் கைதட்டியது; நானும் தட்டினேன். தோற்றதில் இவ்வளவு சந்தோஷம் எனக்கு எப்போதும் இருந்ததில்லை. அவருடைய கணினியிலிருந்தே ஐந்து ஆட்டங்களையும் பேராசிரியைக்கு அனுப்பினேன்.

மறுநாள் கிளம்புவதற்கு முன் பதில் வந்திருக்கிறதா என்று பார்க்கக் கடைக்குப் போனேன். ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்குப் போய்விட்டு வந்து அப்போதுதான் அக்கா கதவைத் திறந்துகொண்டிருந்தார். பதில் வந்திருந்தது. நாலே வரி. இரண்டு வெற்றி போதும். லிஃப்ட் வேண்டாம். ஆனால் மூன்றாவது ஆட்டத்தில் அவர் ஏழாவது ஆட்டை யாரும் வைக்காத ஓரத்தில் வைத்திருக்கிறார், உன் புலி அங்கிருந்துதான் தோற்கத் தொடங்குகிறது. ஏன் அங்கே வைத்தார் என்று கேட்டுவிட்டு வா.

அக்காவிடம் கேட்டேன். மேசைக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தவர் அந்த ஓரத்தில் விரலை வைத்துக் கொஞ்சம் யோசித்தார்.

"பத்து வருசத்துல அங்கன நான் வச்சதே இல்ல தம்பி. ஒங்க புலி திங்க மாட்டேங்குதே. ரெண்டு ஆட்டம் பாத்தேன். வேற எங்குட்டு வைக்கிறது?"

என் புலி இந்த இடத்துக்கு வர நாள் முழுக்க, ராத்திரி முழுக்க, ஜெனரேட்டரின் புகையில் பல்லாயிரம் ஆட்டம் ஆடியிருந்தது. இவருக்கு இரண்டே இரண்டு தோல்வி போதுமாக இருந்தது, அதுவும் நடுவில் பில் போட்டுக்கொண்டே. வெளியே என் பேருந்து ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. நான் கணினியின் முன் மறுபடி உட்கார்ந்து பேராசிரியைக்கு எழுதினேன்: கேட்டுவிட்டேன். அவர் அதைச் சனிக்கிழமை மதியம்தான் கற்றுக்கொண்டாராம். எப்படி என்று அவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. என் புலியை விட்டுவிடலாம், இனி நான் கண்டுபிடிக்க வேண்டியது இதைத்தான்.